எதிரணி ரசிகர்களின் பேருந்தை ஓட்டியவள்

ரௌத்தலாவில் அந்த ஏப்ரல் மாதம் ஆண்கள் யாரும் முகம் மழிக்கவில்லை. ஊர் ஐஸ் ஹாக்கி அணியான சம்மட்டி இறுதித் தொடருக்குப் போயிருந்தது. தொடர் முடியும்வரை ஆட்டக்காரர்கள் தாடியை எடுக்க மாட்டார்கள்; அவர்கள் எடுக்காதபோது ஊர் எப்படி எடுக்கும்? உருக்காலைக் காவலாளியிலிருந்து தேவாலயப் பாதிரியார்வரை எல்லோரும் புதர் மண்டிய முகத்தோடு திரிந்தார்கள். ரைலியின் கணவன் தௌனோவுக்கு மட்டும் அது திட்டுத் திட்டாகத்தான் முளைத்தது.

"எலி கடிச்ச கம்பளி மாதிரி இருக்கு," என்றாள் ரைலி, காலைக் காப்பியை ஊற்றிக்கொண்டே.

"வயித்தெரிச்சல்," என்றான் தௌனோ. "உங்க ஊரு கோல்கீப்பருக்கு இன்னும் மீசையே முளைக்கலையாமே. அவங்கம்மா வந்து மூக்கு துடைச்சு விட்டுட்டுப் போறாங்களாம்."

உங்க ஊரு என்றால் மெரிலா. பேருந்தில் இரண்டு மணி நேரத் தொலைவில் இருக்கும் துறைமுக ஊர். ரைலி பிறந்து வளர்ந்தது அங்கேதான். இருபது வயதில் மீன் லாரி ஓட்டிக்கொண்டிருந்தவள், ரௌத்தலா உருக்காலையின் உணவுக்கூடத்தில் பெட்டி இறக்கப் போன இடத்தில் தௌனோவைப் பார்த்தாள். லாரியைத் திருப்பத் தெரியாமல் தவிக்கிறாள் என்று நினைத்துக் கையை ஆட்டி வழி காட்ட வந்தவனை, "தள்ளி நில்லுப்பா, உன் காலு மேல ஏத்திடப் போறேன்," என்று அதட்டினாள். அடுத்த வருஷம் கல்யாணம். பேச்சும் ஊரும் மாறின. அணி மட்டும் மாறவில்லை. மெரிலாவின் அணிக்குப் பெயர் கடல்நாய்கள். அந்த அணி கோல் போட்டால் ரசிகர்கள் கைதட்டுவதில்லை. தலையை அண்ணாந்து 'அர்க், அர்க்' என்று கடல்நாயைப் போலக் குரைப்பார்கள். ரைலி இருபத்தாறு வருஷமாகச் சம்மட்டி ஊரின் நடுவில், தன் வீட்டுச் சோபாவில் உட்கார்ந்து குரைத்துக்கொண்டிருந்தாள். மகன் பிறந்தபோது தள்ளுவண்டியில் எந்த அணியின் மஃப்ளரைக் கட்டுவது என்று இருவரும் ஒரு வாரம் பேசாமல் இருந்தார்கள். அவன் வளர்ந்து இரண்டு பேரையும் ஏமாற்றிவிட்டுச் சதுரங்கம் ஆடப் போனான்.

இப்படிப்பட்ட வீட்டில், இரண்டு அணிகளும் முதன்முறையாக இறுதித் தொடரில் மோதிக்கொண்டால் என்ன ஆகும்? ஏழு ஆட்டங்கள். யார் முதலில் நான்கை வெல்கிறார்களோ அவர்களுக்குக் கோப்பை. முதலாவது, மூன்றாவது, ஐந்தாவது ஆட்டங்களும், அதுவரை முடிவாகாவிட்டால் ஏழாவதும் மெரிலாவில். மற்றவை ரௌத்தலாவில். கடல்நாய்கள் ரைலியின் ஆயுளில் ஒருமுறைகூடக் கோப்பையைத் தொட்டதில்லை.

அவளுக்கு வேலை ரௌத்தலாவின் பேருந்து நிறுவனத்தில். நெடுந்தூர வண்டி ஓட்டுநர். சம்மட்டி ரசிகர் மன்றம் மெரிலாவுக்குப் போய்வர ஒரு பேருந்து கேட்டது. மேலாளர் ரைலியைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"நீதான் ஓட்டணும்."

"நானா? நான் யாருன்னு தெரியும்ல உங்களுக்கு?"

"தெரியும். மத்த டிரைவருங்க எல்லாம் அந்த பஸ்ல பயணிகளா சீட்டு போட்டுட்டானுங்க. ஸ்டியரிங்கப் புடிச்சா பீரைப் புடிக்க முடியாதாம். ஊர்லயே அன்னிக்குத் தெளிவா இருக்கப்போற ஒரே ஆளு நீதான்."

முதல் ஆட்டத்தன்று நாற்பத்தாறு பேர் கறுப்பும் ஆரஞ்சுமாக ஏறினார்கள். மன்றத் தலைவர் என்ஸியோ ஓய்வுபெற்ற பல் மருத்துவர். மடியில் ஒரு பெரிய டிரம்மை வைத்துக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்தார். அவர் பக்கத்தில் மார்கெத்தா, பள்ளியில் சமையல் சொல்லிக்கொடுக்கும் டீச்சர். கூடை நிறைய இலவங்கப்பட்டை பன் சுட்டுக் கொண்டுவந்திருந்தாள். வண்டி ஊர் எல்லையைத் தாண்டியதும் என்ஸியோ மைக்கைக் கையில் எடுத்தார்.

"நண்பர்களே, ஒரு எச்சரிக்கை. நம்ம டிரைவரம்மா எதிரி ஊர்க்காரங்க. வளைவுல எல்லாரும் கம்பியைக் கெட்டியாப் புடிச்சுக்கோங்க."

பேருந்து சிரிப்பில் குலுங்கியது. ரைலி ஒரு கையால் மைக்கை வாங்கினாள்.

"உங்களக் கொண்டுபோய் விடத்தான் கம்பெனி சொல்லிருக்கு. திரும்பக் கூட்டிட்டு வரச் சொன்னாங்களான்னு எனக்குச் சரியா ஞாபகம் இல்ல. யோசிச்சுப் பேசுங்க."

அதன்பின் அவர்கள் அவளைத் தனியாக விடவேயில்லை. டிரைவருக்கென்று மன்றம் ஒரு சீட்டு ஒதுக்கியிருந்தது, எதிரணி ரசிகர்களுக்கான மூலையில். சொந்த ஊர் அரங்கத்தில், கம்பிவலைக்கு அந்தப் பக்கம் தன் ஜனங்கள் நீலக் கடலாகக் குரைத்துக்கொண்டிருக்க, ரைலி ஆரஞ்சு மஃப்ளர்களுக்கு நடுவே சீருடையோடு உட்கார்ந்திருந்தாள். அவளுடைய அண்ணன் ஆர்ரே எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்துவிட்டு, இரண்டு கைகளையும் தலையில் வைத்துக்கொண்டான். கடல்நாய்கள் ஒவ்வொரு கோல் போட்டபோதும் அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு, குனிந்து ஷூ நாடாவை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டினாள்.

"இன்னும் ரெண்டு கோல் போட்டா அந்த நாடா அறுந்துடும்," என்றாள் மார்கெத்தா.

முதல் ஆட்டம் கடல்நாய்களுக்கு. அடுத்த இரண்டும் சம்மட்டிக்கு. அதற்கடுத்த இரண்டும் மறுபடி கடல்நாய்களுக்கு. ரௌத்தலாவில் நடந்த ஆறாவது ஆட்டத்தில் சம்மட்டி ஐந்துக்கு ஒன்று என்று அடித்து நொறுக்கியது. தௌனோ வீட்டுக் கூடத்தில் கம்பளிக் காலுறையோடு வழுக்கி வழுக்கி ஆடினான். ரைலி தலையணையை எடுத்து அவன் மேல் எறிந்துவிட்டுத் தூங்கப் போனாள். மூன்றுக்கு மூன்று. ஏழாவது ஆட்டம்தான் முடிவு.

அந்தச் சனிக்கிழமை மதியம் புறப்பட்ட பேருந்தில் பாட்டு குறைவாக இருந்தது. ஒவ்வொருவரும் போன முறை வென்றபோது உட்கார்ந்திருந்த இருக்கையில்தான் உட்கார வேண்டும் என்று என்ஸியோ உத்தரவு போட்டிருந்தார். யார் எங்கே இருந்தார்கள் என்பதில் இரண்டு பேருக்குத் தகராறு. மார்கெத்தா பன்னில் ஏலக்காய் ஒரு சிட்டிகை கூடிவிட்டதென்று கவலைப்பட்டாள். தௌனோவுக்கு ஆலையில் பணி நேரம். கடைசிப் பகுதியையாவது வீட்டுக்குப் போய்ப் பார்த்துவிடுவேன் என்று சொல்லியிருந்தான்.

பாதி வழியில் வண்டிகள் வரிசையாக நின்றுவிட்டன. முன்னால் ஒரு மர லாரி கவிழ்ந்து, சாலை முழுக்கப் பைன் கட்டைகள் தீக்குச்சிபோலக் கிடந்தன. ஒரு போலீஸ்காரர் வண்டி வண்டியாக வந்து, அப்புறப்படுத்த மாலை ஆகிவிடும் என்று சொல்லிக்கொண்டு போனார்.

என்ஸியோ டிரம்மின் மேல் கையை விரித்து வைத்து, நோயாளியின் பல்லைப் பிடுங்கத்தான் வேண்டும் என்று சொல்லப்போகிறவரைப்போல உட்கார்ந்திருந்தார்.

ரைலிக்கு வேறு வழி தெரியும். ஏரியைச் சுற்றி ஒரு சரளைச் சாலை உண்டு. மீன் லாரி ஓட்டிய காலத்தில் அதில்தான் போய் வருவாள். ஆனால் பனி உருகும் மாதத்தில் அது சேறாகிவிடும். பேருந்து போகக் கூடாது என்று தடையொன்றும் இல்லை. புத்தியுள்ளவர்கள் போக மாட்டார்கள், அவ்வளவுதான். அவள் சும்மா உட்கார்ந்திருந்தாலே போதும். யாரும் ஒரு வார்த்தை கேட்க முடியாது. நாற்பத்தாறு தொண்டைகளும் அந்த டிரம்மும் இல்லாத மெரிலா அரங்கத்தை நினைத்துப் பார்த்தாள். மூன்றாவது ஆட்டத்தில் சோர்ந்துபோய்க் கிடந்த சம்மட்டியைத் தட்டி எழுப்பியது அந்த டிரம்தான் என்பது அவளுக்கு நன்றாகத் தெரியும். கடல்நாய்களுக்கு இதைவிடப் பெரிய உதவி அவளால் செய்ய முடியாது.

கண்ணாடியில் பின்னால் பார்த்தாள். நாற்பத்தாறு தாடியும் சாயம் பூசிய கன்னமும் அவள் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தன.

"சே," என்று முணுமுணுத்துக்கொண்டு ஸ்டியரிங்கை ஒடித்தாள்.

"எங்க போற?" என்றாள் மார்கெத்தா.

"ஏரிக்கரை வழி."

"அது சேறா இருக்குமே!"

"இருக்கும்."

"உனக்கென்ன தலையெழுத்தா? எங்களுக்காகவா இத்தனை பாடு?"

"உங்களுக்காக ஒண்ணும் இல்ல. எதிர்ல ஆளே இல்லாத மூலையப் பாத்துக் கொரைச்சு ஜெயிச்சா அதுல என்ன ருசி இருக்கு? நீங்க வந்து உக்காந்து அழணும். நான் அதப் பாக்கணும்."

முன்வரிசையில் ஆரம்பித்த ஆரவாரம் கடைசி இருக்கைவரை போனது.

பாதித் தூரம் பேருந்து நன்றாகவே போனது. பிறகு ஒரு பள்ளத்தில் பின்சக்கரங்கள் இறங்கி, சுற்றிய இடத்திலேயே சுற்றின. ரைலி கதவைத் திறந்து இறங்கி, முழங்கால்வரை சேற்றில் நின்று சக்கரங்களைப் பார்த்தாள்.

"எல்லாரும் இறங்குங்க. இத்தனை வருஷமா 'சம்மட்டி பலம், சம்மட்டி பலம்'னு கத்துறீங்களே, எங்க, காட்டுங்க பாப்போம்."

இறங்கினார்கள். உருக்காலைக்காரர்கள் பின்பக்கம் தோள் கொடுத்தார்கள். மார்கெத்தா தேவதாரு கிளைகளை ஒடித்துச் சக்கரத்துக்கு அடியில் திணித்தாள். என்ஸியோ கரையில் நின்று டிரம் அடித்துத் தாளம் கொடுத்தார். ஒவ்வொரு அடிக்கும் ஒரு தள்ளு. ரைலி மறுபடி ஏறி, மெதுவாக இரண்டாவது கியரில் கொடுத்தாள். சக்கரம் வாரியடித்த சேறு பின்வரிசையில் நின்ற பாதிரியாரின் தாடியை முழுக்க நனைத்தது. அவர் வாயிலிருந்து வந்த வார்த்தையை ஞாயிற்றுக்கிழமை பிரசங்கத்தில் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். பேருந்து ஒரு முனகலோடு மேலே ஏறியது. முழங்கால்வரை சேறும் வாய் நிறையச் சிரிப்புமாக ஓடி வந்து ஏறினார்கள். இருக்கை விரிப்புகள் என்ன ஆகும் என்று ரைலி யோசிக்கவே இல்லை.

அரங்கத்துக்குள் நுழைந்தபோது முதல் பகுதி பாதி முடிந்திருந்தது. சம்மட்டி ஒரு கோல் முன்னிலை. தங்கள் மூலை காலியாகக் கிடப்பதைப் பார்த்துக் குழம்பிப்போய் ஆடிக்கொண்டிருந்த சம்மட்டி ஆட்டக்காரர்கள், படியிறங்கி வந்த சேற்றுக் கூட்டத்தைப் பார்த்ததும் மட்டைகளால் பனித்தளத்தைத் தட்டி வரவேற்றார்கள். நீலக் கூட்டமும் பார்த்தது. "பன்னியா, ஆளா?" என்று ஒருவன் கத்த, "பல்லு வெள்ளையா இருக்கு, டாக்டர்தான்," என்று இன்னொருவன் பதில் சொன்னான். என்ஸியோ தொப்பியைக் கழற்றிக் குனிந்து வணங்கினார்.

இரண்டாம் பகுதியில் கடல்நாய்கள் சமன் செய்தார்கள். வட்டு கோல்கீப்பரின் கால்களுக்கு நடுவே நுழைந்து, வலைக்குப் பின்னாலிருந்த சிவப்பு விளக்கு எரிந்தது. ரைலி ஷூ நாடாவை நோக்கிக் குனிந்தாள். ஆனால் சேற்றில் அது இறுகிப்போய் இருந்தது. விரல்கள் தடுமாறின. அந்தத் தடுமாற்றத்தில் வாய் தன்போக்கில் திறந்துகொண்டது.

"அர்க்!"

ஆரஞ்சு மூலை முழுவதும் திரும்பிப் பார்த்தது. ரைலி வாயைப் பொத்திக்கொண்டாள். முகம் காதுவரை சிவந்தது.

"யாருக்கோ விக்கல்," என்றார் பாதிரியார்.

"பன்னு தொண்டையில அடைச்சிருக்கும்," என்றாள் மார்கெத்தா, அவள் முதுகில் பலமாக ஒரு அறை வைத்து.

மூன்றாம் பகுதியில் சம்மட்டி மறுபடி முந்தியது. கடிகாரம் கரைந்துகொண்டே போனது. கடைசி நிமிடங்களில் கடல்நாய்களின் பயிற்சியாளர் கோல்கீப்பரை வெளியே அழைத்துவிட்டு, அந்த இடத்துக்கு இன்னொரு தாக்குதல்காரனை இறக்கினார். வலை காலி. வட்டு ஒரு தடவை அந்தக் காலி வலையை நோக்கிச் சறுக்கி, கம்பத்தை உரசிக்கொண்டு வெளியே போனது. என்ஸியோ எழுந்து நின்றவர் அப்படியே உட்கார்ந்தார். அடுத்த மூச்சில் எதிர்முனையில் ஒரு கூட்டக் குழப்பம், மட்டைகள், கால்கள், யாரோ ஒருவனின் முதுகு, சிவப்பு விளக்கு. இரண்டுக்கு இரண்டு.

கூடுதல் நேரம். முதலில் கோல் போடுகிறவருக்குக் கோப்பை. இடைவேளையில் மார்கெத்தா கடைசிப் பன்னைப் பிய்த்துப் பாதியை ரைலியிடம் கொடுத்தாள். இருவரும் ருசி தெரியாமல் மென்றார்கள். ரைலி உள்ளுக்குள் எல்லாவற்றையும் வேண்டிக்கொண்டாள். தௌனோவின் முகம் ஒருமுறை மனதில் வந்துபோனது. அதற்காகவும் எதையோ வேண்டிக்கொண்டாள். என்னவென்று அவளுக்கே தெரியவில்லை.

கோல் விழுந்தது அவர்கள் மூலைக்கு நேர் எதிரே, கண்ணாடிக்கு அந்தப் பக்கம், கை நீட்டினால் தொடும் தூரத்தில். கடல்நாய்களின் பத்தொன்பது வயதுப் பையன் ஒருவன் போட்டான். விளக்கு எரிந்தது. அரங்கத்தின் கூரை பெயர்ந்துவிடும்போல ஒரு குரைப்பு எழுந்தது. கையுறைகளும் தலைக்கவசங்களும் பனித்தளத்தில் பறந்தன.

ரைலி எழுந்திருக்கவில்லை. சுற்றிலும் பார்த்தாள். உருக்காலைக்காரன் ஒருவன் மஃப்ளரில் முகத்தைப் புதைத்திருந்தான். பாதிரியாரின் காய்ந்த சேற்றுத் தாடியில் கண்ணீர் ஒரு கோடு போட்டிருந்தது. என்ஸியோ டிரம் குச்சிகளை மெதுவாகப் பைக்குள் வைத்தார். இவர்கள் அழுவதைப் பார்க்க வேண்டும் என்று சொன்னது அவள்தான். பார்த்தபோது நெஞ்சு கனத்தது. அதே நெஞ்சுக்குள் ஒரு பாண்டு வாத்தியக் கோஷ்டியும் வாசித்துக்கொண்டிருந்தது. இரண்டையும் சேர்த்து எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் மடியில் கையைக் கோர்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

மார்கெத்தாதான் அவளைத் தூக்கி நிறுத்தினாள்.

"என்னடி இங்க உக்காந்து துக்கம் விசாரிச்சுட்டு இருக்க? போ. உங்க அண்ணன் அங்க பைத்தியம் மாதிரி கைய ஆட்டுறான். போயி வாய் வலிக்கக் கொரைச்சுட்டு வா."

"பஸ்சு..."

"பஸ்சு எங்கயும் போகாது. சாவி உங்கிட்டதான இருக்கு?"

என்ஸியோ தடுப்புக்கு அருகில் நின்ற காவலரிடம் போய் ஏதோ சொன்னார். காவலர் சிரித்துக்கொண்டே சிறு கதவைத் திறந்துவிட்டார். ரைலி ஓடினாள். பல வருஷங்களாக அவள் அவ்வளவு வேகமாக ஓடியதில்லை. ஆர்ரே அவளை இடுப்போடு தூக்கிச் சுற்றினான். நீலக் கூட்டத்துக்கு நடுவில், சேறு படிந்த சீருடையில், தலையை அண்ணாந்து, இருபத்தாறு வருஷமாகச் சோபாவில் அடக்கி அடக்கிக் குரைத்ததையெல்லாம் சேர்த்து ஒரே மூச்சில் குரைத்தாள். பக்கத்தில் நின்ற ஒரு கிழவர் காதைப் பொத்திக்கொண்டு, "இந்தம்மா யாருப்பா, நிஜக் கடல்நாயா?" என்று கேட்டார். பனித்தளத்தில் கோப்பை கை மாறி மாறிப் போய்க்கொண்டிருந்தது.

அவள் பேருந்துக்கு வந்தபோது அனைவரும் அவரவர் இருக்கையில் இருந்தார்கள். குரல் போய்விட்டிருந்தது. மைக்கில் ஏதாவது சொல்ல வேண்டும் என்று தோன்றியது, காற்றுதான் வந்தது.

வெளியே வெளிச்சம் இன்னும் மிச்சமிருந்தது. மெரிலாவின் தெருக்களில் கார்கள் ஒலிப்பானை விடாமல் அடித்துக்கொண்டு ஊர்வலம் போயின. சந்தைத் திடலில் ஒருவன் நீரூற்றில் குதித்துக்கொண்டிருந்தான், சட்டையில்லாமல், இந்தக் குளிரில். ரைலி இரண்டு கைகளாலும் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு, முகத்தைக் கல்லாக வைத்துக்கொண்டு, அந்த ஊர்வலத்தின் நடுவே ஒரு சவ வண்டியைப்போல ஓட்டினாள்.

பின்னாலிருந்து என்ஸியோவின் குரல் வந்தது.

"ரைலி."

கண்ணாடியில் பார்த்தாள்.

"ஹாரனை அடிச்சுத் தொலை. நீ மூச்ச அடக்கிட்டு ஓட்டுறதப் பாக்க எங்களுக்குப் பயமா இருக்கு. மயங்கி விழுந்துட்டா வண்டிய யாரு ஓட்டுறது? மத்தவன் எல்லாம் குடிச்சிருக்கான்."

அவள் ஒலிப்பானை அழுத்தினாள். நெடுந்தூரப் பேருந்தின் ஒலிப்பான், கப்பல் சங்கு மாதிரி முழங்கியது. நடைபாதையில் போனவர்கள் ஆரஞ்சுக் கொடி கட்டிய பேருந்தைப் பார்த்துத் திகைத்து, பிறகு கைகளை உயர்த்திக் கத்தினார்கள். பாதிரியார் ஜன்னலைத் திறந்து அவர்களை ஆசீர்வதித்தார். கடைசி வரிசையில் யாரோ சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு ஒவ்வொரு வரிசையாக முன்னால் வந்தது. ஊரைத் தாண்டுவதற்குள் யாரோ சம்மட்டிப் பாட்டை ஆரம்பித்துவிட்டார்கள், தோற்றவர்களுக்கே உரிய பெருமையோடு, ஒரு பங்கு அதிகமாகவே உரக்க. ரைலிக்குக் குரல் இல்லை. இருபத்தாறு வருஷமாகக் காதில் விழுந்த பாட்டு என்பதால் வரிகள் அத்தனையும் தெரியும். உதட்டை மட்டும் அசைத்துக்கொண்டு ஓட்டினாள்.

வீட்டுக்கு வந்தபோது விளக்கு எரியவில்லை. முற்றத்துக் கொட்டகையின் புகைபோக்கியில் மட்டும் புகை போய்க்கொண்டிருந்தது. தௌனோ அங்கே நீராவிக் குளியலுக்கான சவுனாவைச் சூடாக்கி வைத்திருந்தான். அவள் உள்ளே போய் மேல்பலகையில் அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். அகப்பையால் தண்ணீர் மொண்டு கற்களின் மேல் ஊற்றினான். ஆவி சீறிக்கொண்டு எழுந்து இருவரையும் மூடியது. இன்னொரு அகப்பை. அவள் காத்திருந்தாள். உடம்பிலிருந்த சேறு கோடு கோடாக வழிந்தது.

"ரைலி," என்றான் கடைசியில்.

"ம்."

"அந்தக் கடைசி கோலு. டிவில சரியாத் தெரியல. கேமராவுக்குக் குறுக்க எவனோ நின்னுட்டான். நீ பக்கத்துலதான இருந்த?"

"கை நீட்டுற தூரம்."

"எப்படிப் போட்டான் அந்தப் பய?"

அவள் அவனைத் திரும்பிப் பார்த்தாள். நெஞ்சு கொள்ளாத சந்தோஷம் அப்போதுதான் முழுசாக வந்தது. இல்லாத குரலில், கரகரவென்று, ஆரம்பத்திலிருந்து சொல்லத் தொடங்கினாள். வட்டு இடது மூலையில் தடுப்புப் பலகையில் மோதித் திரும்பியது. பையன் அதைக் காலால் நிறுத்தினான். உங்க தடுப்பாட்டக்காரன் படுத்துவிட்டான், பாவம், அவனைக் குற்றம் சொல்ல முடியாது. பையன் அடிக்கப்போவதுபோல மட்டையை ஓங்கி, அடிக்காமல் ஒரு நொடி நிறுத்தினான், பார், அந்த ஒரு நொடிதான். அவள் அகப்பையை வாங்கி மட்டைபோலப் பிடித்துக் காட்டினாள்.

தௌனோ முழங்காலில் கையை ஊன்றிக் கேட்டுக்கொண்டிருந்தான்.

"நிறுத்துனானா? கூடுதல் நேரத்துலயா? பத்தொம்பது வயசுலயா?"

"நிறுத்துனான். உங்க கோல்கீப்பர் சாஞ்சுட்டாரு. அப்புறம் மெதுவா, ரொம்ப மெதுவா, மேல் மூலையில வச்சான்."

தௌனோ தலையை ஆட்டினான்.

"நல்ல கோலு," என்றான். "இன்னொரு தடவ சொல்லு. அந்தப் பலகையில மோதுனதுலேர்ந்து."